முதலில் செருப்பைப் பார்

தலையாரி பஞ்சநதத்தின் டயர் செருப்பு கமருன்னிஸா வீட்டு வாசலில் கிடந்ததை அம்சம் பார்த்தபோது மணி மூன்று இருக்கும். அந்தச் செருப்பை அடையாளம் தெரியாதவர்கள் சுற்றுவட்டாரத்தில் கிடையாது. லாரி டயரை அறுத்துத் தைத்தது. வலதுகால் வார் அறுந்துபோய், உர மூட்டை தைக்கிற பச்சை நைலான் நூலால் இழுத்துக் கட்டியது. அது படிக்கு நேராகக் கிடக்கவில்லை. சுவரோரமாகச் சாய்த்து வைத்திருந்த கீற்றுக் கட்டுக்குப் பின்னால் ஒதுங்கி இருந்தது. வந்தவன் உதறிவிட்டுப் போன செருப்பு அப்படிப் போய் ஒண்டிக்கொள்ளாது. யாரோ கையால் எடுத்து வைத்தால்தான் உண்டு.

அவள் வந்தது இடியாப்பக் குழலைத் திருப்பிக் கொடுக்க. கதவு ஒருக்களித்திருந்தது. உள்ளே பேச்சுச் சத்தம் கேட்டது, என்ன பேச்சு என்று தெரியவில்லை. கமருன்னிஸா மெதுவாகப் பேசுகிற ஆளே இல்லை. அவள் அடுப்படியில் பேசினால் கடைத்தெருவில் கேட்கும். அப்படிப்பட்டவள் குரலைத் தணித்துக்கொண்டு தலையாரியிடம் என்ன பேசுகிறாள்? அம்சம் குழலை முந்தானையில் சுற்றிக்கொண்டு சத்தமில்லாமல் திரும்பினாள். வாய்க்கால் மதகைத் தாண்டும்வரை திரும்பிப் பார்க்கவில்லை.

செருப்பைப் பார்க்கிற புத்தி அவளுக்குத் தொலைக்காட்சி கொடுத்தது. திங்கள் முதல் வெள்ளி வரை ஏழு மணிக்கு வருகிற தொடரில் இரண்டு பெண் போலீஸ்கள். இன்ஸ்பெக்டர் மேகலா, எஸ்.ஐ. ஸ்டெல்லா. எந்த வீட்டுக்கு விசாரணைக்குப் போனாலும் மேகலா வாசலிலேயே நின்றுவிடுவாள். “முதல்ல செருப்பைப் பாரு ஸ்டெல்லா. ஆள் பொய் சொல்லும், செருப்பு சொல்லாது” என்பாள். ஸ்டெல்லா குனிந்து பார்ப்பாள். எத்தனை ஜோடி, எந்த மண், ஈரமா காய்ந்ததா. பாதிக் கொலைகள் வாசலிலேயே துப்புத் துலங்கிவிடும். இரண்டு பேரும் ஒரே டிபன் டப்பாவில் சாப்பிடுவார்கள். ஒருத்திக்குக் கல்யாணம் ஆகவில்லை, இன்னொருத்திக்கு ஆகியும் பிரயோசனமில்லை. பார்க்கிறவர்களுக்குக் கொலையைவிட அந்த டிபன் டப்பாதான் முக்கியம்.

நான்கு வருடத்துக்கு முன் கமருன்னிஸா வீட்டில் அரிசி புடைக்க வந்த அம்சம், வேலை முடிந்தும் போகாமல் நிலைப்படியில் சாய்ந்து நின்று அந்தத் தொடரைப் பார்த்தாள். கமருன்னிஸா திரும்பாமலே, “கொலைகாரன் யாருங்கறே?” என்று கேட்டாள். “அந்த டிரைவர்தாங்கம்மா” என்றாள் அம்சம். “சீ, டிரைவர் நல்லவன். மச்சினன்தான் செஞ்சிருக்கான். உள்ள வந்து உக்காரு, சொல்றேன்.” மறுநாள் டிரைவர்தான் கொலைகாரன் என்று ஆனது. தோற்றவள் டீ போட வேண்டும் என்று அன்றைக்கு ஏற்பட்ட வழக்கம் இன்றுவரை நின்றதில்லை. ‘அம்மா’ என்று கூப்பிட்டது போய் ‘லாத்தா’ வந்தது, அவர்கள் வழக்கில் அக்கா. வாதம் முற்றும்போது கமருன்னிஸா ரிமோட்டை எடுத்துச் சத்தத்தைக் குறைப்பாள். சத்தத்தைக் குறைத்தால் இனிப் பேசலாம் என்று அர்த்தம். அப்படிச் சத்தம் குறைந்த நேரங்களில் இருவரும் சொல்லிக்கொண்டது, புருஷன்மாருக்குக்கூடத் தெரியாதது, நிறைய உண்டு.

அரசாங்கம் ரேஷன் கார்டுக்கு ஒரு டிவி கொடுத்தபோது அம்சத்துக்குத் தனிக் கார்டு இல்லை. மாமனார் சாமிதுரை பெயரில் இருந்த கார்டுக்கு வந்த டிவி பெரிய மகன் வீட்டுக்குப் போய்விட்டது. தனிக் கார்டு வாங்கத் தனிக் கதவு எண் வேண்டும். அம்சமும் அவள் புருஷன் வீரையனும் இருந்தது வாய்க்கால் புறம்போக்கில், கதவே சரியாக இல்லாத குடிசை, எண்ணுக்கு எங்கே போவது? கமருன்னிஸாதான் யோசனை சொன்னாள். அவள் வீட்டுக் கொல்லைக் கொட்டகைக்குப் பதினாலு பி என்று ஒரு நம்பர் சும்மா கிடந்தது. அந்த விலாசத்தில் கார்டு வந்தது. கார்டுக்கு டிவி வந்தது. டிவி வந்தும் அம்சம் ஏழு மணிக்கு மதகைத் தாண்டி இங்கேதான் வந்தாள். தனியாக உட்கார்ந்து கொலைகாரனைக் கண்டுபிடித்து யாரிடம் சொல்வது?

இப்போது சிக்கல் அந்த நம்பரில்தான் வந்து நின்றது. நிலமில்லாத கூலிகளுக்குத் தரிசு நிலம் இரண்டு ஏக்கர் என்று அரசாங்கம் அறிவித்திருந்தது. காவிரிப் பாசனத்தில் தரிசுக்கு எங்கே போவது? தேடிப் பிடித்து அம்சத்தின் ஊருக்கு ஒதுங்கியது எழுபது சென்ட். வடிகால் ஓரம், கமருன்னிஸாவின் புருஷன் லியாகத் அலியின் தென்னந்தோப்பை ஒட்டிய கோரைக்காடு. அதற்கு அம்சத்தின் பெயர் பட்டியலில் ஏறியிருந்தது. எழுபது சென்ட்தான். ஆனால் அவள் மாமனார் அரை மரக்கால் கூலி நெல்லுக்காகக் கொடி பிடித்து, உதை வாங்கி, திருச்சி ஜெயிலில் நாற்பது நாள் கிடந்து, கடைசிவரை ஒரு நாற்றங்கால் அளவு மண்ணைக்கூடத் தன் பெயரில் பார்க்காமல் செத்தவர். அம்சம் பதினோரு வயதிலிருந்து அடுத்தவர் வயலில் நட்டவள். தன் வயலில் முதல் நாற்று முடியை எந்த மூலையில் நடுவது என்றுகூட அவள் தீர்மானித்துவிட்டாள்.

திங்கட்கிழமை வி.ஏ.ஓ. கூப்பிட்டனுப்பி ஒரு மொட்டை மனுவைப் படித்துக் காட்டினார். வீரையன் மனைவி அம்சம் இந்தக் கிராமத்தில் குடியிருப்பவர் அல்ல, வாய்க்காலுக்கு அந்தப் பக்கத்துக் கிராமத்தில் கதவு எண் பதினாலு பி-யில் கார்டு வைத்திருக்கிறார், வெளியூர்க்காரருக்கு இந்த ஊர் நிலத்தைக் கொடுக்கக் கூடாது என்று எழுதியிருந்தது. கீழே பெயரில்லை. புதன்கிழமை ரெவின்யூ ஆர்.ஐ. விசாரணைக்கு வருவார் என்றார் வி.ஏ.ஓ.

அன்று மாலை அம்சம் சொன்னதும் கமருன்னிஸா சத்தத்தைக் குறைத்தாள். அவளுக்கு முகமெல்லாம் வேர்த்துவிட்டது.

“யாருடி எழுதியிருப்பா?”

“அதான் தெரியல லாத்தா. எங்க மூத்தாருக்குப் பொறாமைதான். ஆனா அவருக்கு நம்பர் தெரியாது. பதினாலு பி-ன்னு எனக்கும் எங்க வீட்டுக்காரருக்கும் உங்களுக்குந்தான் தெரியும்.”

சொன்ன பிறகுதான் அது எப்படிக் கேட்கிறது என்று அம்சத்துக்கு உறைத்தது. கமருன்னிஸா அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. அவள் கேட்டது வேறு.

“அம்சம், பொய் விலாசம் குடுத்தோம்னு போலீஸ் வருமா?”

“போலீஸ் எதுக்கு வருது? நெலம் போயிடும், அவ்வளவுதான்.”

“இல்ல புள்ள, கேஸ் போட்டாங்கன்னா உன்னயத்தான் புடிப்பாங்க” என்று கமருன்னிஸா விரல்களை நெட்டி முறித்துக்கொண்டே இருந்தாள். டிவியில் அன்று முக்கியமான காட்சி. மேகலாவைக் கொலைப் பழியில் மாட்டிவிட்டார்கள். கொலை நடந்த நேரத்தில் மேகலா என்னோடு என் வீட்டில்தான் இருந்தாள் என்று ஸ்டெல்லா கமிஷனரிடம் எழுதிக் கொடுத்தாள். அது பொய். அப்படி எழுதிக் கொடுத்தது மேகலாவுக்கே தெரியாது. கமருன்னிஸா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “சிநேகிதின்னா இவ சிநேகிதி” என்றாள்.

மறுநாள்தான் அம்சம் டயர் செருப்பைப் பார்த்தது. அன்று ஏழு மணிக்கு ஒன்றும் தெரியாதவள் மாதிரி வந்து பாயில் உட்கார்ந்து, “மத்தியானம் யாரும் வந்தாங்களா லாத்தா?” என்று கேட்டாள்.

“யாரு வருவா? படுத்து அசந்துட்டேன்” என்றாள் கமருன்னிஸா. பதில் டக்கென்று வந்தது. மேகலா இருந்திருந்தால் அந்த வேகத்தையே குறித்துக்கொண்டிருப்பாள்.

அன்றைக்கு என்ன கதை ஓடியது என்று அம்சத்துக்கு நினைவில்லை. பக்கத்தில் உட்கார்ந்திருப்பவளை ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தாள். நான்கு வருடமாகப் பழகிய முகம். அதில் ஒரு கொலைகாரியைத் தேடுவது முதலில் வெட்கமாக இருந்தது, பிறகு சுலபமாக இருந்தது. கோரைக்காட்டில் மட்டையும் தேங்காய் உரிமட்டையும் குவித்து வைப்பது யார்? லியாகத் அலி. அந்த இடம் அம்சத்துக்குப் போனால் கை குறுகப்போவது யாருக்கு? லியாகத் அலிக்கு. நம்பர் தெரிந்தது யாருக்கு? அவன் பெண்டாட்டிக்கு. பொய் சொன்னது யார்? இதோ, முறுக்குத் தட்டை நீட்டிக்கொண்டிருக்கிறாளே, இவள். தோப்புக்காரனுக்குப் பக்கத்து நிலத்துக்கு ஒரு கூலிக்காரி சொந்தக்காரியாக வருவது எந்தக் காலத்தில் பிடித்திருக்கிறது? பாயில் சமமாக உட்கார வைத்தது போதும், வரப்பில் சமமாக நிற்க வேண்டாம் என்று நினைத்துவிட்டாள் போலிருக்கிறது. அம்சம் முறுக்கு எடுக்கவில்லை. வயிறு சரியில்லை என்றாள்.

புதன்கிழமை ஆர்.ஐ. விசாரித்தார். கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு பேசுகிற, நிதானமான மனிதர்.

“எங்கம்மா குடியிருக்கே?”

“வாய்க்கா ஓரந்தாங்கய்யா. பொறந்ததுலேருந்து இந்த ஊருதான், கட்டிக்கிட்டதும் இந்த ஊருதான். அந்த நம்பரு கார்டுக்காகக் குடுத்ததுங்க.”

“நீ இப்படிச் சொல்றே. அந்த நம்பர் வீட்டுக்காரங்க வேற மாதிரி எழுதிக் குடுத்திருக்காங்களே” என்று ஒரு தாளைத் திருப்பிக் காட்டினார். அம்சம் என்பவர் கடந்த நான்கு வருடங்களாக என் வீட்டில் கதவு எண் பதினாலு பி-யில்தான் குடியிருந்து வருகிறார், இது உண்மை. லி. கமருன்னிஸா. நேற்றைய தேதி.

அம்சத்துக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும். ஆனால் அந்தக் கையெழுத்தை அவள் படிக்கவே தேவையில்லை. கியாஸ் புத்தகத்தில், பள்ளிவாசல் சந்தா ரசீதில், எத்தனையோ முறை பார்த்தது. மொட்டை மனுகூட இவ்வளவு வலிக்கவில்லை. அது முகம் இல்லாதது. இது முறுக்குத் தட்டை நீட்டிய கை போட்டது. அந்த நிமிடம் அவளுக்குள் எழுந்தது அழுகை இல்லை, ஆத்திரம். திருப்பி அடிக்கக் கையில் என்ன இருக்கிறது என்று தேடினாள். இருந்தது. எப்போதோ சத்தத்தைக் குறைத்துவிட்டுக் கமருன்னிஸா சிரித்துக்கொண்டே சொன்னது.

“அய்யா, என் நெலம் போனா போவுது. அந்தத் தோப்புல கெழக்கால கடேசி வரிசை பூராவும் கவருமெண்டு எடங்க. அவங்க மாமனாரு காலத்துல வளைச்சுப் போட்டு வெச்ச மரம். அவங்க வாயாலயே சொன்னாங்க. அளந்து பாருங்க.”

ஆர்.ஐ. கண்ணாடியை இறக்கி அவளைப் பார்த்தார். “நாளைக்கு சர்வேயர் வருவார். நீ வந்து எடத்தைக் காட்டு” என்றார். தாசில்தார் திங்கட்கிழமை முடிவு செய்வார் என்றும், வீட்டுக்காரர்கள் எழுதிக் கொடுத்ததை வாபஸ் வாங்கினால் தவிர நிலம் கிடைப்பது கஷ்டம் என்றும் சொன்னார். அன்று மாலை அம்சம் மதகைத் தாண்டவில்லை. தன் குடிசையில் டிவியைப் போட்டுவிட்டுச் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வீரையன், “என்ன இன்னிக்கு இங்கயே இருக்கே?” என்று கேட்டதற்குத் தலைவலி என்றாள்.

வியாழக்கிழமை மூன்று மணிக்குச் சர்வேயர் சங்கிலியோடு வந்தார். லியாகத் அலி அவனுடைய பெரியம்மா சைத்தூன் பீவியை நாகூருக்கு அழைத்துப் போயிருந்தான். தோப்பில் யாருமில்லை. கூட வந்தது பஞ்சநதம் ஒருவன்தான். அவன் சங்கிலியின் ஒரு முனையைப் பிடித்துக்கொள்ள வேண்டியிருந்ததால், சர்வேயர் சுண்ணாம்புக் கூடையை அம்சத்தின் இடுப்பில் ஏற்றிவிட்டார். “நான் சொல்ற எடத்துல தூவிக்கிட்டே வாம்மா” என்றார். முறை விட்டுத் தண்ணீர் பாய்ந்த தோப்பு, தரை சொதசொதவென்று இருந்தது. நாற்று விளம்பின கை, விதை தெளித்த கை, அன்றைக்குச் சுண்ணாம்பு தூவியது. வடக்கே தொடங்கித் தெற்கு வரப்பு வரை, கடைசி வரிசைக்கும் அதற்கு முந்தின வரிசைக்கும் நடுவில், வெள்ளைக் கோடு நூல் பிடித்தமாதிரி விழுந்தது. பதினேழு மரம் கோட்டுக்கு அந்தப் பக்கம் போயிற்று. பாளை வெடித்துக் குலை தள்ளிக்கொண்டிருந்த மரங்கள். அம்சத்துக்கு உள்ளுக்குள் ஒரு திருப்தி இருந்தது என்பதை மறைப்பதற்கில்லை.

சர்வேயர் மோட்டார் சைக்கிளில் போன பிறகு பஞ்சநதம் சங்கிலியைச் சுருட்டிக்கொண்டே, “அந்தம்மாவுக்கு ஏன் இந்தப் பாவம் செய்யறே?” என்று கேட்டான்.

“யாரு பாவம் செஞ்சது? நான் வெளியூர்க்காரின்னு எழுதிக் குடுத்தவங்களுக்கு நான் மாலை போடணுமா?”

“அட நீ வேற. நாந்தான் அன்னிக்குப் போனேன், விசாரணை வருதுன்னு சொல்ல. அம்சத்தைப் போலீஸ் புடிக்குமாண்ணே, புடிக்குமாண்ணேன்னு அதையே கேட்டுச்சு. நீ அங்கதான் இருக்கேன்னு எழுதிக் குடுத்தா கார்டு நெசம்னு ஆயிடும், கேஸ் வராதுன்னு அதுவா நெனச்சுக்கிட்டு எழுதி நீட்டிடுச்சு. நெலத்துக்கு அதுவே வெனையா முடியும்னு அதுக்கும் தெரியல, எனக்கும் அப்பத் தோணல. அம்சத்துக்குத் தெரிஞ்சா வேண்டாம்பா, சொல்லாதீங்கன்னுச்சு. நீ வந்துடுவேன்னு என் செருப்பைக்கூட அதுதான் எடுத்து மறைச்சு வெச்சுது.”

அம்சம் காலிக் கூடையை வைத்துக்கொண்டு நின்றாள்.

“அப்ப மொட்டை மனு? நம்பரு எப்படித் தெரிஞ்சுது?”

“நல்லாக் கேட்டே போ. டிவி குடுத்த பட்டியலை நம்பரோட பஞ்சாயத்துச் செவுத்துல ஒரு மாசம் ஒட்டியிருந்துச்சே. ஊரே படிச்சுது. எவன் எழுதினானோ.”

அந்தப் பட்டியலில் தன் பெயர் இருக்கிறதா என்று அவளும்தான் அன்றைக்கு விரல் வைத்துத் தேடிப் பார்த்தாள். அது இந்த மூன்று நாளில் ஒருமுறைகூட அவள் நினைவுக்கு வரவில்லை. குனிந்து கோட்டைப் பார்த்தாள். ஈரத்தில் நன்றாக ஊறிப் பிடித்திருந்தது. அழித்தால் போகாது. போனாலும் சர்வேயர் நோட்டில் இருக்கும்.

ஏழு மணிக்கு எப்படிப் போய் நின்றாள் என்று அவளுக்கே தெரியாது. சொல்லிவிட வேண்டும் என்றுதான் போனாள். தோப்பிலிருந்து நேராகப் போய் மதகில் உட்கார்ந்திருந்தவள், குடிசைக்குக்கூடப் போகவில்லை. செருப்பை வாசலில் விட்டு உள்ளே நுழைந்ததும் கமருன்னிஸா அவள் கையைப் பிடித்து இழுத்துப் பாயில் உட்கார்த்தினாள்.

“நேத்து எங்கடி போயிட்டே? இங்க என்ன நடந்துருக்கு தெரியுமா? தேங்கா பறிக்கிற நல்லக்கண்ணு இப்பத்தான் வந்து சொல்லிட்டுப் போறான். நம்ம தோப்புக்குள்ள யாரோ அளந்து கோடு போட்டுருக்காங்களாம். பதினேழு மரம். அவங்க வந்தா என்னன்னு சொல்லுவேன்?”

அம்சம் வாயைத் திறந்தாள். வந்த வார்த்தை வேறாக இருந்தது.

“லாத்தா, நீங்க எழுதிக் குடுத்தது எனக்குத் தெரியும். பஞ்சநதம் சொன்னாரு. அதனாலதான் நெலம் போவப்போவுது. நம்பரு மட்டுந்தான் குடுத்தேன், அவ இங்க இல்லேன்னு மாத்தி எழுதினீங்கன்னா கெடைக்கும்.”

கமருன்னிஸா மார்பில் கை வைத்துக்கொண்டாள். “யா அல்லா. உன்னயக் காப்பாத்தறேன்னு நானே குழி வெட்டிட்டேனா? காலையில மொதப் பஸ்ஸுக்கு நானே தாலுகா ஆபீசுக்கு வர்றேன். எங்க கையெழுத்துப் போடணும் சொல்லு, போடறேன். கார்டு போவட்டும், டிவி போவட்டும், இங்க ஒண்ணு இருக்குல்ல?” என்றாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு குரலைத் தாழ்த்தினாள். “உன் மேல மனு போட்டவன்தான் தோப்பையும் சொல்லியிருக்கான் அம்சம். ஒரே ஆளு. பாத்துக்கிட்டே இரு, நாம ரெண்டு பேரும் சேந்து கண்டுபுடிச்சிடுவோம்.”

அம்சம் தலையை ஆட்டினாள். இப்போது சொல்லலாம், கையெழுத்துக்கு முன்னால் சொல்லலாம், கையெழுத்து ஆன பிறகும் சொல்லலாம் என்று மனசு கணக்குப் போட்டது. அப்படிக் கணக்குப் போடுகிற மனசை நினைத்து அவளுக்கு அருவருப்பாக இருந்தது.

தொடரின் பாட்டு ஆரம்பித்தது. “கொசு வருது” என்று கமருன்னிஸா கதவைச் சாத்த எழுந்து போனாள். வாசல் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. கதவில் கை வைத்தவள் சாத்தவில்லை. கீழே பார்த்துக்கொண்டு நின்றாள். பாட்டு முடிந்தது. விளம்பரம் முடிந்தது. அம்சத்துக்கு அவள் முதுகு மட்டும் தெரிந்தது. அப்போதுதான் தன் செருப்பு எந்த லட்சணத்தில் இருக்கும் என்பது அம்சத்தின் நினைவுக்கு வந்தது. கமருன்னிஸா படியிறங்கினாள். ஒரு நிமிடம் கழித்துத் திரும்பி வந்தாள். பழைய இடத்தில்தான் உட்கார்ந்தாள். இருவருக்கும் நடுவில் எப்போதும் இருக்கிற ஒரு முழ இடம் இருந்தது. ரிமோட்டை எடுத்தாள். சத்தத்தைக் கூட்டினாள்.

வாசலில் லியாகத் அலியின் வண்டி வந்து நின்றது. உள்ளே வந்தவன் தொப்பியைக்கூடக் கழற்றவில்லை. “கேட்டியா விஷயத்தை? எவனோ கூட இருந்து கோடு போட்டுக் குடுத்துருக்கான். நல்லா எடம் தெரிஞ்ச ஆளு. எவன்னு மட்டும் தெரியட்டும்” என்று கத்தினான். பிறகு அம்சத்தைப் பார்த்து, “நீ அந்தப் பக்கந்தானே இருக்கே, யாரும் கண்ணுல பட்டாங்களா?” என்றான்.

“அவளுக்கு என்ன தெரியும்? நீங்க போயி முகம் கழுவுங்க” என்றாள் கமருன்னிஸா. டிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. ஸ்டெல்லா பொய்யாக எழுதிக் கொடுத்தது தெரிந்து மேகலா அவள் வீட்டுக்கு வந்திருந்தாள். இரண்டு பேரும் நேருக்கு நேர் நின்றார்கள். பின்னணி இசை வீட்டை நிறைத்தது. அதற்குள் அன்றைய பகுதி முடிந்து, நாளைக்கு என்று போட்டார்கள்.

“வர்றேன் லாத்தா” என்றாள் அம்சம். மொதப் பஸ்ஸா என்று கேட்க நாக்கு வரைக்கும் வந்தது, கேட்கவில்லை. கமருன்னிஸா “ம்” என்றாள். அந்த ஒரு எழுத்தில் ஏதாவது தெரிகிறதா என்று அம்சம் கொஞ்ச நேரம் நின்று பார்த்தாள்.

வாசலில் அவள் விட்ட இடத்தில் செருப்பு இல்லை. படியில் லியாகத் அலியின் தோல் செருப்பு மட்டும் கிடந்தது. சுவரோரமாகக் கீற்றுக் கட்டை விலக்கிப் பார்த்தாள். பின்னால், உள்ளே தள்ளி, அவளுடைய நீல வார் செருப்பு இரண்டும் ஒன்றின்மேல் ஒன்றாகக் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தன. குதிகால் வரை ஏறிக் காய்ந்திருந்த சுண்ணாம்பில் நான்கு விரல் பதிந்த தடம் புதிதாக இருந்தது. உள்ளே கதவுத் தாழ் விழுந்தது. அம்சம் செருப்பைப் போட்டுக்கொள்ளாமல் மார்போடு அணைத்துப் பிடித்தபடி மதகை நோக்கி நடந்தாள். வழியெல்லாம் வெள்ளை வெள்ளையாக உதிர்ந்துகொண்டே வந்தது.